வவுனியா தாத்தா பெயரில் இருக்கும் காணி

அன்புள்ள மகன் சிவாவுக்கு,

அம்மா எழுதிக்கொள்வது. இங்கே நானும் அக்காவும் பிள்ளைகளும் சுகம். உன் சுகத்துக்கும் மருமகளின் சுகத்துக்கும் மாரியம்மனை வேண்டிக்கொள்கிறேன். போனில் பேசி முடிக்கிற காலத்தில் அம்மா ஏன் கடிதம் எழுதுகிறாள் என்று நினைப்பாய். நான் அனுப்புகிற மெசேஜை எல்லாம் நீ பார்த்ததாக நீலக்கோடு விழுகிறது, பதில்தான் வருவதில்லை. வேலை அதிகமாக இருக்கும். சரி, கடிதம் என்றால் நேரம் கிடைக்கும்போது எடுத்துப் படிக்கலாம். மேட்டு லயத்து முருகேசின் மகன் லீவு முடிந்து கட்டாருக்குத் திரும்புகிறான், அவனிடம் கொடுத்து விடுகிறேன். மிளகாய்த்தூளும் மாசிக் கருவாடும் அதே பையில் இருக்கிறது. மருமகளுக்குக் காரம் ஆகாது என்பதால் தூளைக் கொஞ்சம் வறுத்துத்தான் இடித்தேன்.

காணி விஷயத்தை முதலில் சொல்லிவிடுகிறேன், மற்றதெல்லாம் அப்புறம்.

ரோட்டை அகலப்படுத்த நம்முடைய காணியில் எடுத்த துண்டுக்கு, உரிமை உள்ளவர்கள் கோரிக்கை கொடுக்கச் சொல்லி, காணி எடுத்தற் சட்டத்தின் ஏழாம் பிரிவு அறிவித்தல் வர்த்தமானியில் வந்ததை அக்கா படம் எடுத்து உனக்கு அனுப்பினாள். ரோட்டோரமாக நாற்பத்திரண்டு பேர்ச் போகிறது. மாட்டுத் தொழுவம், உன் அப்பா கட்டிய கல் அணை, ஆனைக்கொய்யா மரங்கள், கிணறு எல்லாம் அதற்குள்தான். வீடும் வீட்டுக்கு மேலே உள்ள பாத்தியும் மிஞ்சும். தொழுவம் இப்போதே இல்லை. அவசரத் தேவை என்று 38ஆம் பிரிவில் கட்டளை போட்டால் நட்டஈடு கொடுக்கிறதுக்கு முன்னமே காணியை எடுக்கலாமாம். பேக்கோ வந்து அணையை ஒரு காலையில் இழுத்துப் போட்டுவிட்டது. அந்தக் கல் ஒவ்வொன்றையும் அப்பா ஆற்றிலிருந்து சாக்கில் சுமந்து வந்தார். நீ சின்னக் கல்லாகப் பொறுக்கிக்கொண்டு பின்னாலேயே ஓடுவாய். விலைமதிப்புத் திணைக்களத்து ஆள் அதற்கு முன்னமே வந்து மரத்தை எண்ணி, அணையை நாடா போட்டு அளந்து, எல்லாவற்றையும் எழுதிக்கொண்டு போனார். அந்த வகையில் நமக்குக் குறை இல்லை. தொகை எவ்வளவு என்று இன்னும் சொல்லவில்லை.

தொகையே தெரியாத காசுக்குத்தான் இத்தனை பேர் வந்து நிற்கிறோம்.

விசாரணைக்கு நானும் அக்காவும் போனோம். பிரதேச செயலகத்தில் காணிப் பகுதி ஐயா மரியாதையாகத்தான் நடத்தினார். நான் படிப்பித்த பிள்ளை ஒன்று அங்கே எழுதுவினைஞராக இருக்கிறது, எழுந்து வந்து கதிரை போட்டுக் கொடுத்தது. கோரிக்கை கொடுத்தவர்களின் பெயர்களை ஐயா சிங்களத்தில் வாசித்துவிட்டு எனக்காகத் தமிழிலும் சொன்னார். என் பெயர். ஹட்டன் அத்தை பெயர். கூடலூரிலிருந்து பெரியப்பாவின் மூத்தவன் தபாலில் அனுப்பியது. வவுனியாவிலிருந்து வவுனியா தாத்தாவின் பிள்ளைகள், செல்வம் மாமாவும் அவருடைய தங்கச்சியும். கொழும்புச் சட்டத்தரணி ஒருவர் மூலமாக வந்தது இன்னொன்று. அதைப் பற்றி அப்புறம் எழுதுகிறேன்.

ஐயா எங்களுக்கு விளங்கப்படுத்தியதை அப்படியே சொல்கிறேன், நீயும் தெரிந்துகொள். 1950ஆம் ஆண்டின் காணி எடுத்தற் சட்டப்படி, யாருக்கு என்ன உரிமை என்று அவரே விசாரித்துத் தீர்மானம் எழுதலாம், இல்லாவிட்டால் பிணக்கை நீதிமன்றத்துக்கு அனுப்பலாம். அவர் எழுதிய தீர்மானத்தில் யாருக்காவது திருப்தி இல்லை என்றால், அது கைக்குக் கிடைத்து 14 நாளுக்குள் நீதிமன்றத்துக்கு அனுப்பச் சொல்லிக் கேட்கலாம். தொகை போதாது என்ற பிரச்சினை வேறு. அதற்குக் காணி எடுத்தல் மீளாய்வுச் சபை என்று ஒன்று இருக்கிறது, 21 நாளுக்குள் அங்கே முறையிட வேண்டும். அரசாங்கத்தோடு தொகைக்காகச் சண்டை போடுவதென்றால் நானும் முன்னால் நிற்பேன். நமக்குள்ளேயே உரிமைச் சண்டை என்றால் காசு மாவட்ட நீதிமன்றத்தில் கிடக்கும். வழக்கு முடிகிறவரைக்கும் யாருக்கும் இல்லை. முந்தி ரோட்டுக்குக் கொடுத்த ஒரு கடைக்காரர் குடும்பத்தை எனக்குத் தெரியும். வழக்குப் போட்ட தகப்பன் செத்து, இப்போது பிள்ளைகள் நீதிமன்றப் படி ஏறுகிறார்கள். லோயருக்குக் கொடுத்ததைக் கூட்டிப் பார்த்தால் இன்னொரு கடை போட்டிருக்கலாம்.

நீ அங்கே யாருக்கும் எந்தக் கடுதாசியிலும் யோசிக்காமல் கையெழுத்துப் போடாதே. வெற்றுத் தாளில் கையெழுத்து வாங்கிப் பிறகு எழுதிக்கொள்கிற ஆட்கள் இருக்கிறார்கள். உனக்காகக் கையெழுத்துப் போட இன்னொருவருக்கு அற்றோணித் தத்துவம் எழுதிக் கொடுப்பதென்றாலும் என்னிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டுச் செய்.

காணியின் அந்த உறுதிப் பத்திரத்தை நீ சரியாகப் பார்த்ததில்லை என்று நினைக்கிறேன். ட்ரங்குப் பெட்டியில் அப்பாயியின் கூறைச்சேலைக்குக் கீழே இருந்தது. விசாரணைக்காக எடுத்து மேசையில் விரித்தேன். மடிப்பு மடிப்பாக அறுந்து போயிருந்ததால் அக்கா பின்பக்கம் மெல்லிய தாள் ஒட்டினாள். 1966இல் எழுதியது. ஆங்கிலத்தில் டைப் அடித்து, ஒவ்வொரு பக்கத்திலும் நொத்தாரிசின் கையெழுத்து. வாங்கினவர் என்ற இடத்தில் வவுனியா தாத்தாவின் பெயர். நம்முடைய தாத்தாவின் பெயர் கடைசிப் பக்கத்தில்தான் வருகிறது, இரண்டு சாட்சிகளில் ஒருவராக. தமிழில் எழுத்து எழுத்தாகப் போட்டிருக்கிறார். மையை அதிகமாகத் தொட்டிருக்க வேண்டும், கடைசி எழுத்தின் புள்ளி ஒரு உளுந்து அளவுக்குப் பரவி நிற்கிறது. கொழுந்து மடுவத்தில் கணக்கெழுதியும், மாடு வளர்த்துப் பால் ஊற்றியும், சீட்டுப் பிடித்தும் சேர்த்த காசு அது. தன் காசில் வாங்கின காணிக்குத் தாத்தா சாட்சிக் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்திருக்கிறார்.

ஏன் அப்படி என்று நீ சின்ன வயதில் கேட்டிருக்கிறாய். அப்பா "பிறகு சொல்றேன்" என்பார். அவர் சொல்லாமல் போனதை நான் சொல்கிறேன்.

1948இல் நம்முடைய தோட்டத்துச் சனத்தின் பிரஜாவுரிமையை எடுத்துவிட்டு, அடுத்த வருடம் ஒரு சட்டம் கொண்டுவந்து, விண்ணப்பம் போட்டுப் பதிந்துகொள்ளச் சொன்னார்கள். கலியாணம் கட்டினவர் என்றால் ஏழு வருடம் இடைவிடாமல் இங்கே இருந்ததாகக் காட்ட வேண்டும். தாத்தா இடையில் திருச்சிப் பக்கம் ஊருக்குப் போய், அவருடைய அம்மாவின் வருத்தத்தோடு ஒரு வருடத்துக்கு மேல் தங்கிவிட்டார். விண்ணப்பம் தள்ளுபடி. விண்ணப்பித்தவர்களில் பெரும்பாலானவர்களுக்கு அதுதான் நடந்தது. அப்பாயியின் தம்பி, நீங்கள் வவுனியா தாத்தா என்று கூப்பிடுகிறவர், இங்கேயே பிறந்து எங்கேயும் போகாதவர். அவருக்குக் கிடைத்துவிட்டது. 1963இல் ஒரு நிதிச் சட்டம் வந்தது. பிரஜாவுரிமை இல்லாத ஒருவர் பெயருக்குக் காணியை மாற்றினால் காணியின் பெறுமதி எவ்வளவோ அவ்வளவையும் வரியாகக் கட்ட வேண்டும். காணிக்கு ஒரு விலை, அரசாங்கத்துக்கு இன்னொரு விலை. தாத்தாவிடம் ஒரு விலைக்குத்தான் காசு இருந்தது. அதனால் மச்சான் பெயரில் எழுதினார்கள்.

மச்சான் நினைத்திருந்தால் அடுத்த நாளே விற்றிருக்கலாம். அதைத்தான் நீ யோசிக்க வேண்டும், மகன். சட்டம் முழுக்க அவர் பக்கம். 1840ஆம் ஆண்டிலிருந்து இந்த நாட்டில் நொத்தாரிசு முன்னால் எழுதாத காணிப் பேச்சு செல்லாது. அவர் வாய்விட்டு "இது என்னுடையது" என்று சொல்லியிருந்தால் தாத்தாவால் எந்த வாசலிலும் போய் நிற்க முடியாது. 73, 74 பஞ்சத்தில் தோட்டமெல்லாம் மாவும் அரிசியும் இல்லாமல் சனம் வாடிச் செத்தபோது இந்தக் காணியில் மரவள்ளியும் வற்றாளையும் இருந்தன. வவுனியா தாத்தா வீட்டிலும் பிள்ளைகள் பட்டினிதான். அப்போதும் அவர் "அக்கா, ரெண்டு கிழங்கு தோண்டிக்கவா" என்று கேட்டுத்தான் தோண்டுவாராம். தன் பெயரில் உறுதி உள்ள காணியில். அப்பாயி இதைச் சொல்லும்போதெல்லாம் முந்தானையால் முகத்தைத் துடைப்பார். நான் மருமகளாக வந்து அந்த வீட்டில் கேட்ட முதல் கதைகளில் அதுவும் ஒன்று.

77 ஆவணிக் கலவரத்தில் டவுனில் அவருடைய கடையை உடைத்துவிட்டார்கள். மலைநாட்டிலிருந்து எத்தனையோ குடும்பம் அந்த நேரம் வவுனியாவுக்கும் கிளிநொச்சிக்கும் போனது, அவரும் போனார். போகும்போது கையில் ஒன்றுமில்லை. இந்த உறுதியை எங்கேயாவது ஈடு வைத்திருந்தால் வவுனியாவில் ஒரு கொட்டிலாவது போட்டிருப்பார். அவர் அதைக் கொண்டுவந்து அப்பாயியின் கையில் கொடுத்துவிட்டு லொறி ஏறினார். அதனால்தான் அது நம்முடைய ட்ரங்குப் பெட்டியில் இருக்கிறது. இல்லாவிட்டால் முல்லைத்தீவுப் பக்கம் எந்தப் பங்கருக்குள் மண்ணாகியிருக்குமோ.

பெரியப்பாவின் கதை உனக்குத் தெரியும். சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தத்தில் ஐந்து லட்சத்து இருபத்தைந்தாயிரம் பேர் இந்தியாவுக்கு என்று எழுதினார்களே, அந்தக் கணக்கில் ஒருவராகத் தலைமன்னாரில் கப்பலேறிப் போனார். கூடலூரில் அரசாங்கத் தேயிலைத் தோட்டத்தில்தான் அங்கேயும் வேலை. "காணியைத் தம்பி வச்சுக்கட்டும்" என்று அவர் எழுதின நீலக் கடிதம் பத்திரமாக இருக்கிறது. சட்டத்துக்கு அது போதாது. ஆனால் அவருடைய மகன் இப்போது கோரிக்கை போட்டதை நான் குறை சொல்லமாட்டேன். அங்கே அவர்களுக்கும் கஷ்டம்தான். தகப்பன் பிறந்து வளர்ந்த இடத்திலிருந்து ஒரு பிடி அவனுக்கும் வரட்டுமே.

உன் அப்பாவுக்கு 88ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பிறகுதான் பிரஜாவுரிமைக் கடுதாசி கைக்கு வந்தது. அதற்குள் வவுனியாவுக்குப் போய் உறுதி எழுதுகிற நிலைமை இல்லை. வவுனியா தாத்தாவும் சண்டைக் காலத்திலேயே அங்கே கண்ணை மூடிவிட்டார். 2009க்குப் பிறகு செல்வம் மாமா முதல் தடவையாக வந்தாரே, ஒரு சாக்குப் பாலைப்பழத்தோடு, நீ கைநிறைய அள்ளித் தின்று உதடெல்லாம் ஒட்டிக்கொண்டு நின்றாய், அப்போதே "அத்தான், உங்க பேருக்கு எழுதித் தந்துடுறோம்" என்றார். அவருடைய தங்கச்சியும் சரி என்றது. முத்திரைச் செலவு, நொத்தாரிசு செலவு, உன் படிப்பு, அப்பாவின் நெஞ்சு வருத்தம் என்று தள்ளிப் போய்விட்டது. அப்பா இறந்தபோது கொரோனாவால் விமானமே இல்லாத காலம், நீ வர வழியில்லை. அதற்காக உன்னைக் குறை சொல்கிறேன் என்று நினைக்காதே. அக்காவின் மகன்தான் கொள்ளி வைத்தான். மாவட்டம் தாண்டப் பாஸ் எடுத்துக்கொண்டு விடிய விடிய வந்து பாடையின் முன் தண்டைத் தூக்கினது செல்வம் மாமா. நீ நின்றிருக்க வேண்டிய இடம் அது. அவருக்கு அந்த நேரம் இடுப்பு வலி வேறு.

நுவரெலியாவில் ஒரு சட்டத்தரணி அம்மாவைப் பார்த்தேன். நம்முடைய ஆள்தான், தோட்டத்திலிருந்து படித்துப் போனது. காசு பெரிதாகக் கேட்கவில்லை. உறுதியையும், பிரதேச சபைக்கு அப்பா கட்டிய வரித் துண்டுகளையும், பெரியப்பாவின் கடிதத்தையும் பொறுமையாகப் பார்த்துவிட்டு இரண்டு வழி சொன்னது. ஒன்று ஆட்சியுரிமை. பத்து வருடத்துக்கு மேல் தடையில்லாமல் அனுபவித்தால் காணி நம்முடையது என்று கேட்கலாம். ஆனால் சும்மா குடியிருந்தால் போதாதாம். உறுதிக்காரருடைய உரிமையை மறுத்து, அவருக்கு மாறாகப் பிடித்து வைத்திருந்தோம் என்று சத்தியக்கடதாசி கொடுக்க வேண்டும். அவருடைய சம்மதத்தோடு இருந்தால் அது ஆட்சியுரிமை ஆகாது. மற்ற வழி நம்பிக்கைப் பொறுப்பு. 1917ஆம் ஆண்டுச் சட்டமாம். காசு ஒருவர் கொடுத்து, பெயர் இன்னொருவருடையதாக இருந்தால், பெயருக்குரியவர் காசு கொடுத்தவருக்காகத்தான் அதை வைத்திருக்கிறார் என்று நீதிமன்றம் ஏற்கலாம். அதற்குச் சாட்சி வேண்டும். செல்வம் மாமா வந்து "ஆமாம், எங்க அப்பா அப்படித்தான் சொன்னார்" என்று சொன்னாலே பெரிய சாட்சி.

முதல் வழியில் போனால் நமக்கு லாபம், அது எனக்கும் விளங்குகிறது. அப்பா ஒருவர்தான் பிடித்திருந்தார் என்று நிரூபித்தால் அத்தைக்கும் பெரியப்பா வீட்டுக்கும்கூடக் கொடுக்க வேண்டியதில்லை என்று வாதாடலாமாம். இரண்டாவது வழியில் காணி தாத்தாவுடையது என்று ஆகும், அவருடைய மூன்று பிள்ளைகளுக்கும் பிரியும். அப்பாவின் மூன்றில் ஒன்றில் சட்டப்படி பாதி எனக்கு, மற்றப் பாதி உனக்கும் அக்காவுக்கும். கையில் வருவது கொஞ்சம்தான்.

ஆனால் முதல் வழியில் போக நான் சத்தியம் பண்ண வேண்டும். வவுனியா தாத்தாவை மறுத்துத்தான் இந்தக் காணியில் இருந்தோம் என்று. முப்பது வருடம் பிள்ளைகளுக்கு முன்னால் நின்று படிப்பித்த வாயால் அதைச் சொல்லமாட்டேன். சட்டத்தரணி அம்மாவிடமும் சொல்லிவிட்டேன். அது சிரித்துக்கொண்டு, "அப்படியென்றால் எல்லாரும் சேர்ந்து ஒரு இணக்கம் எழுதுங்கள் டீச்சர், அதுதான் கெதியாக முடியும்" என்றது.

நான் நினைத்திருப்பது இதுதான். நான்காகப் பிரிப்போம். பெரியப்பா வீட்டுக்கு ஒன்று, அத்தைக்கு ஒன்று, நமக்கு ஒன்று, வவுனியாவுக்கு ஒன்று. வவுனியாவுக்குச் சட்டப்படி வராது என்று நீ சொல்லலாம். பெயர் மட்டும் கொடுத்ததற்கு ஒரு பங்கா என்று அத்தையே கேட்டார், மூன்று நாள் என்னோடு பேசவில்லை. பிறகு தானே போன் எடுத்து, "சரி அண்ணி, அண்ணன் இருந்தாலும் அதத்தான் செஞ்சிருக்கும்" என்றார். கூடலூர்க்காரன் சம்மதம் என்று எழுதிவிட்டான். செல்வம் மாமாவுக்குச் சொன்னபோது அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. அவர் கோரிக்கை போட்டது காசுக்காக இல்லையாம். உறுதியில் பெயருள்ளவர்கள் பக்கமிருந்து யாரும் வராவிட்டால் நமக்குத்தான் சிக்கல் வரும் என்று யாரோ சொன்னதால் போட்டாராம். "தங்கச்சி, நீங்க குடுக்கிறத வாங்கிக்கிறேன், குடுக்காட்டியும் வந்து சாட்சி சொல்லுவேன்" என்றார்.

இப்போது அந்தக் கொழும்புக் கோரிக்கை. அதில், உறுதியில் பெயருள்ளவருக்கும் அவருடைய வாரிசுகளுக்கும் இந்தக் காணியில் எந்தக் காலத்திலும் எந்தச் சம்பந்தமும் இருந்ததில்லை, அவர்கள் அங்கே வந்துபோனதுகூட இல்லை என்று எழுதியிருக்கிறது. ஐயா அதை வாசிக்கும்போது செல்வம் மாமா எனக்குப் பக்கத்துக் கதிரையில்தான் இருந்தார். வவுனியாவிலிருந்து இரவு பஸ்ஸில் வந்திருந்தார். அவர் என் பக்கம் திரும்பவில்லை. கையில் இருந்த பைலின் கயிற்றை அவிழ்த்தார், திரும்பக் கட்டினார், திரும்ப அவிழ்த்தார். வெளியே வந்து தேத்தண்ணி குடிக்கும்போதும் அதைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. உன் வேலை எப்படி, அங்கே வெயில் எப்படி என்றுதான் விசாரித்தார். அக்கா எழுந்து போய்க் கை கழுவுகிற இடத்தில் நின்றாள்.

ஐயா என்னிடம், இது உங்களுக்குத் தெரிந்துதான் போட்டதா என்று கேட்டார். வீட்டில் பேசிவிட்டுச் சொல்கிறேன் என்றேன்.

ஊர்ச் செய்தி என்று பெரிதாக இல்லை. மாசியில் காமன் கூத்து நன்றாக நடந்தது, உன்னோடு படித்த ரவிதான் இந்த முறை ரதி வேஷம். மழை பிந்திவிட்டது, கொழுந்து இல்லை, லயத்தில் எல்லார் கையும் இறுகிப்போய்க் கிடக்கிறது. கீழ் லயத்தில் ஏழு பேர்ச் உறுதி தருவதாகச் சொல்லிப் பெயர் எழுதிக்கொண்டு போனவர்கள் திரும்ப வரவில்லை. இருநூறு வருடமாக இந்த மலையில் இருக்கிற சனம், நிற்கிற மண்ணுக்கு ஒரு துண்டுக் கடுதாசி இல்லை. அப்பர் கொத்மலைத் திட்டத்துக்காக லயங்களிலிருந்து நூற்றுக்கணக்கான குடும்பங்களை எழுப்பினபோது, வீட்டுக்கு வீடு கொடுத்தார்கள். காணிக்காரர் என்று ஒரு கோரிக்கை எழுத அவர்களால் முடிந்ததா? நம்முடைய குடும்பத்துக்கு அதை எழுத ஒரு உறுதி இருந்தது. இருந்ததற்குக் காரணம் தாத்தாவின் காசும் வவுனியா தாத்தாவின் பெயரும்.

முருகேசின் மகன் வந்த அன்றே உன்னைப் பற்றிக் கேட்டேன். பழைய ரூமில் நீ இல்லையாம், கம்பெனி பஸ்ஸிலும் காணவில்லையாம். வேறு கம்பெனிக்கு மாறியிருப்பான் என்று நானே சொல்லி முடித்துவிட்டேன். அவனும் தலையை ஆட்டினான். அதற்குப் பிறகு எனக்குச் சரியாகத் தூக்கம் இல்லை. வேலை மாறினால் மாறட்டும். வேலை போயிருந்தாலும் போகட்டும், வேலை போகாத மனுசன் உண்டா. யாரிடமாவது வட்டிக்கு வாங்கியிருந்தால் எவ்வளவு என்று சொல். மருமகளின் அண்ணன் ஏதோ பிஸ்னஸ் தொடங்குகிறார் என்று போன வருடம் சொன்னாய், அதற்கு நீ பிணை நின்றாயா? பிணை நிற்காதே என்று அப்பா எத்தனை தரம் சொல்லியிருப்பார். உடம்புக்கு ஏதாவதா? அதை மட்டும் மறைக்காதே. அப்பாவுக்கும் முதலில் சும்மா நெஞ்செரிச்சல் என்றுதான் இருந்தது. கையெழுத்து விஷயத்தில் கவனம் என்று மேலே எழுதினேன், திரும்பவும் எழுதுகிறேன், கவனம்.

இந்தத் தோட்டத்திலிருந்து கணிதம் படித்துப் பாஸ் பண்ணின முதல் பிள்ளை நீ. ஹட்டனில் ரூம் எடுத்துப் படிக்க வைத்தது அந்த ரோட்டோரத் துண்டில் போட்ட லீக்ஸும் கோவாவும்தான். விடியற்காலையில் அப்பா மூட்டை கட்டி லொறிக்கு ஏற்றிவிட்டு, ஈரச் சாக்கோடு வந்து உன் கம்பளியை இழுத்துப் போர்த்திவிடுவார். இன்றைக்கும் பெற்றார் கூட்டத்தில் டீச்சர்மார் உன் பெயரைச் சொல்லித்தான் பிள்ளைகளுக்குப் புத்தி சொல்கிறார்கள். நான் ஒன்றும் பேசாமல் கேட்டுக்கொண்டிருப்பேன், நெஞ்சு நிறைந்துவிடும். அந்தக் காணியில் உனக்குப் பங்கு இல்லை என்று நான் எப்படிச் சொல்வேன்? உன் பெயரில் தனியாகக் கோரிக்கை போடச் சட்டத்தில் உனக்கு முழு உரிமை இருக்கிறது. போட்டதற்காக எனக்குக் கோபம் இல்லை. சத்தியமாக இல்லை.

நீ எழுதின அந்த ஒரு வரியை மட்டும் எடுத்துவிடு, மகன். லோயர் எழுதினதாகத்தான் இருக்கும், நீ வாசிக்காமல் கையெழுத்துப் போட்டிருப்பாய், எனக்குத் தெரியும். உனக்கு இப்போது காசு வேண்டும் என்றால் அதற்கு வழி இருக்கிறது. நமக்கு வருகிற பங்கில் என்னுடைய பாதியையும் நீயே எடுத்துக்கொள். அக்காவிடம் பேசிவிட்டேன், அவளும் தன்னுடையதை உனக்குப் பிந்தி வாங்கிக்கொள்வதாகச் சொல்கிறாள். நட்டஈடு வரத் தாமதமானால் என்னுடைய பென்ஷன் புத்தகத்தில் இருப்பதை முதலில் அனுப்புகிறேன். பெரிய தொகை இல்லை, ஆனாலும் ஒரு வட்டிக்காரன் வாயை அடைக்கலாம். உன் தாத்தாவுக்குப் பெயர் கொடுத்தவர் இந்தக் காணிப் பக்கமே வந்ததில்லை என்று அரசாங்கப் பைலில் இருக்கக் கூடாது, அதுவும் உன் கையெழுத்துக்கு மேலே.

அடுத்த விசாரணை சித்திரைப் புது வருடம் முடிந்த கிழமையில். அதற்கு ஏழு நாளுக்கு முன்னமே உன்னுடைய கடிதம் பிரதேச செயலகத்துக்குப் போய்ச் சேர்ந்தால் நல்லது என்று சட்டத்தரணி அம்மா சொன்னது. கோரிக்கையை வாபஸ் வாங்க வேண்டியதில்லை, திருத்திக் கொடுத்தால் போதும். என்ன எழுத வேண்டும் என்று தமிழிலும் ஆங்கிலத்திலும் எழுதி இதற்குள் மடித்து வைத்திருக்கிறேன். அங்கே தூதரகத்தில் கையெழுத்தை அத்தாட்சிப்படுத்தி, ஸ்கேன் பண்ணி அக்காவுக்கு அனுப்பு, அசலைத் தபாலில் போடு. செல்வம் மாமாவின் நம்பர் அதே தாளின் பின்பக்கம் இருக்கிறது. ராத்திரி எட்டு மணிக்குப் பிறகுதான் அவர் வீட்டில் இருப்பார், பகலில் எடுக்காதே.

எனக்குப் போன் எடுக்கக் கஷ்டமாக இருந்தால் எடுக்க வேண்டாம். எவ்வளவு தேவை என்று மட்டும் எழுதி அனுப்பு.

அன்புடன்,
அம்மா